என் வீட்டுத் துணிக்கயிறு

ஜனவரி 9

என் கண்ணுத் தம்பிக்கு அக்கா எழுதுவது.

முதலில் பிள்ளைகள் செய்தியைச் சொல்லிவிடுகிறேன், அப்புறம் மறந்துபோகும். பெரியவனின் மகள் எலும்பு டாக்டர் பரீட்சையில் முதல் தடவையிலேயே தேறிவிட்டாள். இனிமேல் நான் குளியலறையில் தைரியமாக வழுக்கி விழலாம். அவள் தம்பி விமானம் பழுதுபார்க்கும் இடத்தில் சேர்ந்தானே, அவனுக்குக் கையெழுத்துப் போடும் அதிகாரம் வந்துவிட்டது. அவன் கையெழுத்து இல்லாமல் ஒரு விமானம் தரையை விட்டுக் கிளம்பாதாம். ஒன்றாம் வகுப்பில் அந்தக் கையெழுத்தைப் பார்த்து டீச்சர் தலையில் கைவைத்தது எனக்குத்தான் தெரியும். நடுவளின் மகன் நீளம் தாண்டுவதில் பள்ளிக்கூடத்திலேயே முதல். எவ்வளவு தூரம் என்று எங்கள் ஹாலில் அளந்து காட்டினான், சோபாவிலிருந்து சமையலறை வாசல் வரை வருகிறது. சின்னவளின் இரட்டைகளில் ஒருத்திக்கு வயலினில் வெள்ளிப் பதக்கம். மற்றவள் இன்னும் எதையும் ஜெயிக்கவில்லை, ஆனால் முன்பல் இரண்டும் முளைத்துவிட்டன. அவளை மட்டும் ஏன் விட வேண்டும், அதையும் எழுதிவிட்டேன்.

இதெல்லாம் சின்னச் செய்தி. பெரிய செய்தி நீதான்!

ஞாயிற்றுக்கிழமை எலும்பு டாக்டர் வந்தவள் போனை என் மூக்குக்கு நேரே நீட்டி, "பாட்டி, இது யாரு பாரு" என்றாள். இணையக் கலைக்களஞ்சியமாம். உலகத்தில் எந்த மூலையில் உட்கார்ந்து தட்டினாலும் வருமாம். அதில் உன் பெயர்! உன் பெயரிலேயே ஒரு முடிச்சுத் தேற்றம்! நான் கண்ணாடியைத் துடைத்துத் துடைத்து நானே எழுத்துக்கூட்டிப் படித்தேன். நடுவில் வந்த குறிகள் எனக்குப் புரியவில்லை, ஆனால் கடைசிக்கு முந்தின வரி புரிந்தது. "சகோதரியின் வீட்டு மொட்டைமாடியில் துணி உலர்த்தும் கயிறு சிக்கிக் கிடந்ததைக் கண்டபோது இந்த எண்ணம் அவருக்குத் தோன்றியது."

டேய், அது என் கயிறு!

ஐந்தாம் வகுப்போடு நின்றவள் நான். என் கயிறு கலைக்களஞ்சியத்தில் ஏறிவிட்டது. அந்த வருஷம் நீயும், கொண்டையில் பென்சில் செருகிக்கொண்டு திரிவாளே அந்தப் பள்ளிக்கூட டீச்சரும், பதினோரு நாள் லீவில் என் சாப்பாட்டு மேஜையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தீர்கள். முடிச்சுப் போட்டுப் பார்க்க என்று கயிற்றிலிருந்து இரண்டு முழம் வெட்டியும் எடுத்தீர்கள். அன்றைக்கு நான் திட்டிய திட்டை எல்லாம் இன்று வாபஸ் வாங்கிக்கொள்கிறேன்.

பக்கத்தை அச்சடித்து வாங்கி, ஹாலில் நீ பரிசு வாங்கும் போட்டோ தொங்குகிறதே, அதற்குப் பக்கத்தில் மாட்டச் சொன்னேன். உன் அத்தான், "சுவத்துல இனி ஆணி அடிச்சா சுவரே விழுந்துடும்" என்றார். அதனால் ஃப்ரிட்ஜ் கதவில் ஒட்டியிருக்கிறது. கீழ்வீட்டுத் தையல்காரம்மாவுக்கு ஒரு பிரதி, மருந்துக்கடைக்காரருக்கு ஒரு பிரதி.

இவ்வளவு பெரிய விஷயத்தை ஏன் எனக்குச் சொல்லவில்லை? உனக்குக் காது மந்தமானதிலிருந்து போனில் நான் கத்தினால் பக்கத்து வீட்டார் ஓடி வருகிறார்கள், நீ மட்டும் "சத்தமே வரலக்கா" என்கிறாய். கடிதமாவது போடக்கூடாதா?

பூரிப்பில் ஒரு சுற்றுப் பெருத்துவிட்ட
உன் அக்கா


ஜனவரி 17

அன்புள்ள அக்கா,

உன் கடிதத்தை மூன்று முறை படித்தேன். எலும்பு டாக்டரிலிருந்து முன்பல்காரி வரை எல்லாருக்கும் என் முத்தங்களைச் சொல்.

இப்போது கோபப்படாமல் கேள். அந்தக் காகிதத்தை ஃப்ரிட்ஜிலிருந்து எடுத்துவிடு. அதில் எழுதியிருப்பது சரியில்லை.

ஓய்வு பெற்ற பிறகு, சும்மா இருக்க முடியாமல், நானும் அந்தக் கலைக்களஞ்சியத்தில் எழுதத் தொடங்கினேன். அதை யார் வேண்டுமானாலும் எழுதலாம், யார் வேண்டுமானாலும் திருத்தலாம். நாற்பது வருஷம் கணிதம் சொல்லிக்கொடுத்தவன் எழுதினால் தலையில் தூக்கிவைத்துக் கொண்டாடுவார்கள் என்று நினைத்தேன். பதினொரு கட்டுரை எழுதினேன். நான்கை நீக்கிவிட்டார்கள். மூன்றின் தலையில் துடைப்பம் படம் போட்டு, "இது சாதாரண வாசகருக்குப் புரியாது, சுத்தம் செய்க" என்று பலகை மாட்டிவிட்டார்கள். என் வகுப்பில் இப்படிச் சொல்ல ஒருவனுக்கும் தைரியம் வந்ததில்லை!

அது போகட்டும். என் பெயரில் இருக்கும் அந்தப் பக்கம் நான் எழுதியதல்ல, யாரோ அன்பாக எழுதியது. அந்தத் தேற்றத்தின் உயிர் ஒரே ஒரு படியில் இருக்கிறது. அந்தப் படி என்னுடையது இல்லை, அக்கா. பென்சில் டீச்சருடையது. போன மாதம் நான் உள்ளே போய் அதைத் திருத்தி, அவர் பெயரைச் சேர்த்தேன். ஒன்பது நிமிஷத்தில் அழித்துவிட்டார்கள்! அழித்தது "ஆந்தை" என்ற புனைபெயரில் ஒரு ஆள். காரணம், "ஆதாரம் இல்லை."

நான் எழுதினேன்: "ஐயா, அந்தத் தேற்றம் கண்டவன் நானேதான். எனக்குத் தெரியாதா?" ஆந்தை பதில்: "நீங்கள் அவரேதான் என்பதற்கு என்ன ஆதாரம்? அவரே என்றால், உங்களைப் பற்றி நீங்களே எழுதக்கூடாது." தன் பெருமையைத் தானே ஏற்றிக்கொள்ள வருகிறவர்களைத் தடுக்க வைத்த விதி அது. அதை இறக்கிக்கொள்ள வருகிறவனையும் அது தடுக்கும் என்று விதி போட்டவர்களுக்குத் தோன்றவில்லை.

அச்சில் வந்த ஆதாரம் ஒன்று உண்டு. என் கட்டுரை வெளியாவதற்கு எட்டு மாதம் முன்பே, கணித ஆசிரியர் சங்கத்தின் சிறு பத்திரிகையில் அவர் இரண்டு பக்கம் எழுதியிருந்தார். ஒல்லியான பத்திரிகை, நீல அட்டை. வீடு மாறும்போது அந்த இதழ்களை ஒரு கட்டாகக் கட்டி உன் வீட்டில் போட்டுவிட்டு வந்தேன். இருக்கிறதா பார். பிப்ரவரி 28 வரை ஆந்தை கெடு கொடுத்திருக்கிறது. அதற்குள் ஆதாரம் வராவிட்டால் விவாதம் மூடப்படும், பக்கம் இப்படியே நிற்கும்.

உன் பதிலுக்காகத் தபால்பெட்டியிலேயே குடியிருக்கும்
தம்பி


ஜனவரி 24

தம்பிக்கு,

ஃப்ரிட்ஜிலிருந்து எடுக்கமாட்டேன். நீ என்ன சொன்னாலும் சரி.

யாரடா அந்த ஆந்தைப் பயல்? முகவரி வாங்கி அனுப்பு. என் தம்பியைப் பார்த்து "நீ நீதானா" என்று கேட்க அவன் யார்? உன்னைப் பிறந்த அன்றைக்கே மடியில் வாங்கினவள் நான். கேட்டால் நான் எழுதித் தருகிறேன் சாட்சி, நீ நீதான் என்று.

ஆனால் ஒரு விஷயத்தில் அவன் செய்தது நல்லதுக்கே. எதற்கு இப்போது போய் பழசைக் கிளறுகிறாய்? அந்த டீச்சர் வந்தாள், சாப்பிட்டாள், என் கயிற்றை வெட்டினாள், போனாள். கெட்டிக்காரிதான், இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் ராத்திரி பகலாக உட்கார்ந்து எழுதி, வெளிநாட்டுப் பத்திரிகைக்கு அனுப்பி, பரிசு வாங்கியது யார்? மேடையில் ஏறியது யார்? கூட இருந்து யோசனை சொன்னவர்களுக்கெல்லாம் பெயரில் பங்கு கொடுத்தால், பதினோரு நாள் சமைத்துப் போட்ட எனக்கும்தான் பங்கு வர வேண்டும்.

தையல்காரம்மா அந்தப் பக்கத்தைத் தன் கடையில் கண்ணாடிக்குக் கீழே வைத்திருக்கிறாள். வருகிறவர்களிடம், "மேல்வீட்டு அம்மாவோட கயிறுதான் இது" என்று சொல்கிறாளாம். நேற்று ஒருத்தி மாடிக்கே வந்து கயிற்றைப் பார்த்துவிட்டுப் போனாள்! அது புதுக் கயிறு, நைலான். நான் அதைச் சொல்லவில்லை.

நீலப் பத்திரிகைக் கட்டு எல்லாம் எப்போதோ எடைக்குப் போட்டாயிற்று. இங்கே ஒன்றும் இல்லை.

இருமலுக்கு வெந்நீர் குடி. கலைக்களஞ்சியத்தை மூடிவைத்துவிட்டு நாலு தெரு நட.

அக்கா


பிப்ரவரி 1

அன்புள்ள அக்கா,

போனால் போகிறது, வருத்தப்படாதே. நாலு தெரு நடக்கச் சொன்னாய், ஒன்பது தெரு நடந்தேன். பல்கலைக்கழக நூலகத்துக்குப் போனேன். அந்த நீலப் பத்திரிகையை இடம் போதவில்லை என்று கழித்துவிட்டார்களாம். சங்கத்தின் அலுவலகம் இருந்த கட்டடத்தில் இப்போது கண் பரிசோதனை நிலையம். படிக்கட்டு வரை போனவனைப் பிடித்து உட்காரவைத்து, கண்ணைப் பரிசோதித்துத்தான் விட்டார்கள். இடது கண்ணில் புரை ஆரம்பமாம். ஆக, போனதும் வீணில்லை.

அக்கா, உன்னிடம் நான் ஒன்றை மறைத்திருக்கிறேன். முப்பத்தாறு வருஷமாக மறைத்திருக்கிறேன்.

கட்டுரையை அனுப்பும்போது அவர் பெயரை நான் போடவில்லை. கடைசியில் நன்றி என்று ஒரு வரியில் போட்டேன். பதவி உயர்வு நேர்காணல் வந்துகொண்டிருந்தது, ஒற்றை ஆள் பெயர் இருந்தால் மதிப்பு அதிகம் என்று யாரோ சொன்னார்கள். பத்திரிகையில் இடம் போதாமல் அந்த நன்றி வரியையும் வெட்டிவிட்டார்கள். நான் ஒரு வார்த்தை கேட்கவில்லை. அவர் ஒரு அஞ்சலட்டை போட்டார். அதில் "சந்தோஷம்" என்று ஒரே சொல். அதற்கப்புறம் ஒன்றுமில்லை.

பரிசு வாங்கிய அன்று பத்திரிகைக்காரர் கேட்டார், "இந்தப் படி எப்படி சார் தோணிச்சு?" நான் சொன்னேன், "அக்கா வீட்டு மாடியில துணிக்கயிறு சிக்கிக் கிடந்துச்சு, பாத்தேன், தோணிச்சு." அந்தப் பேட்டிதான் கலைக்களஞ்சியத்தில் ஆதாரமாக நிற்கிறது. நான் சொன்ன பொய்க்கு அச்சில் ஆதாரம் இருக்கிறது. இப்போது சொல்லும் உண்மைக்கு இல்லை. ஆந்தை மேல் எனக்குக் கோபமே வரவில்லை. அது தன் வேலையை ஒழுங்காகச் செய்கிறது.

நான் இல்லாமல் போனபிறகு இதைத் திருத்த யாரும் இருக்கமாட்டார்கள். அதனால்தான் அவசரப்படுகிறேன்.

அது கிடக்கட்டும், உனக்கு ஒரு வேலை. அந்தப் பக்கத்தின் முதல் பத்தியிலும் துடைப்பம் ஏறிவிட்டது, யாருக்கும் புரியவில்லையாம். திருத்தி எழுதியதை இதோடு வைத்திருக்கிறேன். உனக்குப் புரிந்தால் உலகத்துக்கே புரியும். பேனாவால் தாராளமாக அடி.

தம்பி


பிப்ரவரி 8

தம்பி,

உன் கடிதம் வந்து மூன்று நாளாயிற்று. மூன்று நாளும் நான் ஒரு வேலையும் உருப்படியாகச் செய்யவில்லை. பாலைப் பொங்கவிட்டேன். உன் அத்தான் சட்டையில் பித்தானைப் பின்பக்கம் தைத்தேன்.

நான் பொய் சொன்னேன். பத்திரிகைக் கட்டு எடைக்குப் போகவில்லை. உன் ஜனவரிக் கடிதம் வந்த அன்றைக்கே எனக்குத் தெரியும் அது எங்கே இருக்கிறது என்று. வழவழப்பான நல்ல தாள், வீணாக்க மனசு வரவில்லை. சமையலறை அலமாரித் தட்டுகளில் விரித்திருக்கிறேன். பூச்சி வராது. இத்தனை வருஷமாக டப்பாவுக்குக் கீழே எழுத்து இருக்கிறது என்று பார்த்ததே இல்லை. அன்றைக்குச் சர்க்கரை டப்பாவைத் தூக்கினேன், அவள் பெயர்! டப்பாவை அப்படியே திருப்பி வைத்துவிட்டேன்.

இன்னொன்றும் இருக்கிறது. அதைச் சொல்லாமல் இந்தக் கடிதத்தை ஒட்டமாட்டேன். அன்று காலையில் நான்தான் மாடியில் இருந்தேன், துணி எடுக்கப் போயிருந்தேன். நீ கீழே சவரம் பண்ணிக்கொண்டிருந்தாய். கயிறு காற்றில் சிக்கி உருண்டையாகக் கிடந்தது. நான் இழுக்கப் போனேன். அவள், "அக்கா, இழுக்காதீங்க, இன்னும் இறுகும்" என்றாள். கொண்டையிலிருந்து பென்சிலை எடுத்து நடுவில் விட்டு, அவிழ்ப்பாள் என்று பார்த்தால், மேற்கொண்டு ஒரு சுற்றுச் சுற்றினாள். "ஏம்மா, இன்னும் சிக்காக்கறியே!" என்றேன். அவள் ஒரு உதறு உதறினாள். முழுசும் பொலபொலவென்று அவிழ்ந்து தரையில் விழுந்தது. அவள் சின்னப் பெண் மாதிரிக் குதித்தாள். என்னைப் பிடித்து ஒரு சுற்றுச் சுற்றினாள், என் கையில் ஈரத் துணி! அப்புறம் பென்சிலை மாடியிலேயே போட்டுவிட்டுக் கீழே ஓடினாள், உன்னிடம் சொல்ல.

இதைப் பார்த்தவள் உலகத்தில் நான் ஒருத்திதான். ஆனால் நீ பத்திரிகையில் சொன்ன நாளிலிருந்து நானும் உன் கதையைத்தான் எல்லாரிடமும் சொன்னேன். சொல்லிச் சொல்லி அதுதான் நடந்தது என்று எனக்கே ஆகிப்போயிற்று. என் தம்பி, என் கயிறு. நடுவில் வேறு ஆள் எதற்கு என்று இருந்துவிட்டேன்.

நேற்று எல்லா டப்பாவையும் இறக்கினேன். அந்த இரண்டு பக்கத்தையும் பதிவுத் தபாலில் அனுப்பியிருக்கிறேன். சர்க்கரை டப்பாவின் வட்டம் பதிந்திருக்கும், எழுத்து கெடவில்லை.

உன் முதல் பத்தியைப் படித்தேன். "மாறிலி", "சார்பு" இரண்டு பேரும் யார்? முதல் வரியிலேயே வந்து வழியை மறிக்கிறார்கள். எல்லாவற்றையும் அடித்துவிட்டேன். இப்படிப் போடு: "ஒரு சிக்கலை அவிழ்க்கச் சில சமயம் முதலில் இன்னும் ஒரு சுற்றுச் சுற்ற வேண்டியிருக்கும். எத்தனை சுற்றுப் போதும் என்று இந்தத் தேற்றம் சொல்கிறது." அவ்வளவுதானே விஷயம்? இதற்கா இத்தனை குறி?

என்னைத் திட்டி ஒரு கடிதம் போடு. போட்டால்தான் எனக்குச் சோறு இறங்கும்.

அக்கா


பிப்ரவரி 14

அக்கா! அக்கா! அக்கா!

திட்டவெல்லாம் நேரமில்லை! தபால் வந்தது. படிக்கட்டிலேயே உட்கார்ந்து பிரித்தேன். அவருடைய இரண்டு பக்கம், அவர் பெயர், அந்தப் படி, அந்தப் படம், எல்லாம் அப்படியே! சர்க்கரை வட்டம் சரியாக மூன்றாவது வரியைச் சுற்றி விழுந்திருக்கிறது, முக்கியம் என்று நீயே குறி போட்ட மாதிரி. நகல் எடுத்து அன்றைக்கே ஏற்றிவிட்டேன். நீ எழுதிய இரண்டு வரியையும் ஒரு எழுத்துக்கூட மாற்றாமல் முதல் பத்தியாகப் போட்டேன். துடைப்பம் போய்விட்டது! நாற்பது வருஷம் வகுப்பில் நான் சொல்ல முடியாததை நீ இரண்டு வரியில் சொல்லிவிட்டாய்.

ஆனால் ஆந்தை கேட்டது: "மிக நன்று. இது எந்த ஆண்டு, எந்த இதழ்?"

பார்த்தேன். பக்கத்தின் மேல் ஓரம் இல்லை! தட்டின் அளவுக்கு நீ நறுக்கியிருக்கிறாய். நறுக்கினதும் அல்லாமல் அலை அலையாக அழகு வேறு! தேதி இருந்த இடத்தில் பூ வேலை!

ஆந்தை சொல்கிறது, தேதி இல்லாவிட்டால் என் கட்டுரைக்குப் பிறகு வந்ததாகவும் இருக்கலாமே என்று. நியாயம்தான். அட்டை வேண்டும். நீல அட்டையில் மாதமும் வருஷமும், பின்பக்கம் உள்ளே யார் யார் எழுதியிருக்கிறார்கள் என்ற பட்டியலும் இருக்கும். இன்னும் பதினான்கு நாள். அக்கா, அந்த அட்டையை என்ன செய்தாய்? நினைத்துப் பார்!

பறந்துகொண்டே எழுதும்
தம்பி


பிப்ரவரி 19

தம்பி,

கிடைத்துவிட்டது! முதலில் அதைச் சொல்லிவிட்டேன், நீ மூச்சு விட்டுக்கொள். இதோடு இருக்கிறது, துரிதத் தபால்.

நான் வீட்டையே தலைகீழாக்கினேன். பாத்திர அலமாரி, தையல்பெட்டி, தலையணை உறைக்குள்கூடப் பார்த்தேன். உன் அத்தான், "அட்டைன்னா தடிமனா இருக்கும், எதுக்காவது முட்டுக் கொடுத்திருப்ப" என்றார். கட்டில் காலைத் தூக்கிப் பார்த்தோம், தூக்கியவருக்கு இடுப்புப் பிடித்துக்கொண்டது. எலும்பு டாக்டருக்கு முதல் நோயாளி.

படுத்துக்கொண்டே அவர் மேலே பார்த்துச் சொன்னார், "அந்த போட்டோவுக்குப் பின்னால என்ன வச்சு ஃப்ரேம் போட்ட?"

நானும் அண்ணாந்து பார்த்தேன். நீ பரிசு வாங்கும் போட்டோ. கடைக்காரர் தந்த பின்னட்டை போதாமல் ஆடியது, நான்தான் ஏதோ ஒரு நீல அட்டையை நாலாய் மடித்துச் செருகினேன். நாற்காலி போட்டு இறக்கினேன். கொஞ்ச நேரம் மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். அத்தனை வருஷமாகத் தினம் காலையில் நான் முதலில் பார்க்கிற முகம் அது. அப்புறம் ஆணிகளைக் கத்தி முனையால் நெம்பினேன். அட்டை நல்லபடியாக வந்துவிட்டது. மாதம் இருக்கிறது, வருஷம் இருக்கிறது, பட்டியலில் நான்காவதாக அவள் பெயர் இருக்கிறது.

போட்டோதான் கண்ணாடியோடு ஒட்டிப்போயிருந்தது. பிரிக்கப் பார்த்தேன். உன் முகம் பாதி கண்ணாடியோடு போய்விட்டது. கோப்பையும் கையும்தான் மிச்சம்.

அழுதேனா என்று கேட்காதே. கண்ணாடியைச் சுரண்டித் துடைத்து, வெறும் சட்டமாகவே மறுபடி மாட்டியிருக்கிறேன்.

ஓடு, போய் அந்த ஆந்தையின் முகத்துக்கு நேரே அட்டையை நீட்டு!

அக்கா


மார்ச் 2

என் அருமை அக்கா,

ஜெயித்துவிட்டோம்! கெடுவுக்கு ஐந்து நாள் முன்னாலேயே! அட்டையை ஏற்றி இருபது நிமிஷத்தில் ஆந்தையே வந்து பக்கத்தைத் திருத்திவிட்டது. தேற்றத்துக்கு இப்போது இரண்டு பெயர், அவருடையது முதலில். கயிற்று வரியை எடுத்துவிட்டார்கள், அக்கா. அது மட்டும் எனக்குக் கஷ்டமாக இருந்தது. நீ மாடியில் பார்த்ததை எழுதலாமா என்று கேட்டேன். "நேரில் பார்த்தவர் சொன்னாலும் அச்சில் வந்திருக்க வேண்டும்" என்றது. ஆனால் உன் இரண்டு வரி முதல் பத்தியில் அசையாமல் நிற்கிறது. எழுதியவர் பெயரை மட்டும் அங்கே போடமாட்டார்கள்.

ஆந்தை யார் தெரியுமா? பல் ஆஸ்பத்திரியில் வரவேற்பு மேஜையில் இருக்கும் ஒரு அம்மாள், மூன்று பிள்ளைகளுக்குத் தாய். மதிய இடைவேளையில் இதைப் பார்க்கிறாராம். "உங்கள் அக்காவின் கத்தரிக்கோலுக்கு என் வணக்கம்" என்று எழுதியிருக்கிறார். பயல் என்று எழுதியதற்கு நீதான் பதில் சொல்ல வேண்டும்.

இன்னொன்று. அந்தச் சங்கத்துப் பழைய ஆட்களிடம் விசாரித்து முகவரி வாங்கி, பென்சில் டீச்சருக்குக் கடிதம் போட்டேன். மன்னிப்பு என்று நாலு பக்கம் எழுதிக் கிழித்து, கடைசியில் புதிய பக்கத்தை அச்சடித்து, அடியில் ஒரு வரி மட்டும் எழுதி அனுப்பினேன். பதில் வராது என்றுதான் இருந்தேன். நேற்று நேரிலேயே வந்துவிட்டார்! தலை முழுக்க வெள்ளை, கொண்டையில் அதே பென்சில். கதவைத் திறந்ததும் கேட்டார், "நீங்க நீங்கதான்னு என்ன ஆதாரம்?" ஆந்தையும் நானும் வாதாடிய உரையாடல் பக்கம் முழுவதையும் படித்துவிட்டு வந்திருக்கிறார்!

உள்ளே வந்து உட்கார்ந்தார். நான் தேநீர் போட்டேன், சர்க்கரை போட மறந்தேன். குடித்துவிட்டு, "கோவம் இருந்துச்சு. நிறைய வருஷம் இருந்துச்சு. அதெல்லாம் ஒரே நாள்ல போகாது. அடுத்த ஞாயித்துக்கிழமையும் வர்றேன்" என்றார். போகும்போது பையிலிருந்து எதையோ எடுத்து மேஜையில் வைத்தார். உன் கயிறு, அக்கா. அந்த இரண்டு முழம். "அக்காகிட்ட குடுத்துடுங்க, அன்னிக்கு ரொம்பத் திட்டினாங்க."

தபாலில் அனுப்பட்டுமா?

தம்பி


மார்ச் 9

என் கண்ணுத் தம்பிக்கு அக்கா எழுதுவது.

பிள்ளைகள் செய்தி: இரட்டைகளில் மற்றவள், ஒன்றும் ஜெயிக்காதவள், வகுப்பில் தன்னோடு சேர்ந்து படம் வரைந்த பெண்ணின் பெயரை டீச்சர் சொல்ல மறந்தபோது எழுந்து நின்று சொன்னாளாம். பட்டியலில் இந்தத் தடவை அவள்தான் முதல்.

ஃப்ரிட்ஜில் பழைய பக்கத்தை எடுத்துவிட்டேன். புதுப் பக்கம் ஒட்டியாயிற்று. தையல்காரம்மாவிடம் நானே போய்ச் சொன்னேன், "கயிறு என்னோடது, கண்டுபிடிச்சது டீச்சர், எழுதினது என் தம்பி" என்று. அவள், "அப்ப இந்த மேல ரெண்டு வரி மட்டும் நமக்கே புரியற மாதிரி இருக்கே, இது யாரு?" என்றாள். பெயர் போடாத இடத்தில் நான் எதற்குப் போட்டுக்கொள்வது என்று சும்மா வந்துவிட்டேன். மனசு கேட்காமல் மறுபடி படி இறங்கிப் போய்ச் சொல்லிவிட்டேன். கட்டடம் முழுக்கத் தெரிந்துவிட்டது.

பல் ஆஸ்பத்திரி அம்மாளிடம், பயல் என்றதற்கு வருத்தம் தெரிவி. என் கீழ்ப்பல் ஒன்று ஆடுகிறது, அவளிடமே வருகிறேன் என்று சொல்.

கயிற்றை அனுப்பாதே. அது உங்கள் இரண்டு பேரிடமும் இருக்கட்டும்.

ஹாலில் சட்டம் வெறுமையாகத் தொங்குகிறது. காலையில் எழுந்ததும் அதில் என் முகம்தான் தெரிகிறது, அதைப் பார்க்கவா நான் எழுந்திருக்கிறேன்? அடுத்த தடவை அவள் வரும்போது, ஜன்னல் பக்கம் வெளிச்சத்தில் இரண்டு பேரும் நின்று, ஆளுக்கு ஒரு நுனியாகக் கயிற்றைப் பிடித்துக்கொண்டு, புதிதாக ஒரு போட்டோ எடுத்து அனுப்பு. பென்சில் தெரிகிற மாதிரி அவளைக் கொஞ்சம் திரும்பி நிற்கச் சொல். நீ சட்டைப் பித்தானைப் போட்டுக்கொள். போனில் அனுப்பினால் எனக்குச் சட்டத்தில் மாட்ட வராது. அச்சடித்து, மடிக்காமல், தபாலில் போடு.

உன் அக்கா